ராகுவையும் கேதுவையும் தொலைநோக்கியில் பார்க்க முடியுமா?

தருமபுரியில் மொட்டை மாடியில் தொலைநோக்கி வைத்தால் ராகு, கேது தெரியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். தெரியாது. வியாழனும் சனியும் போல அவை பாறையோ வாயுவோ கொண்ட கோள்கள் அல்ல; வானத்தில் நாம் கணக்கிட்டுக் குறிக்கும் இரண்டு புள்ளிகள்.

சந்திரனின் பாதை, சூரியன் செல்வதாக நமக்குத் தோன்றும் பாதைக்குச் சுமார் 5 பாகை சாய்ந்திருக்கிறது. இரண்டும் வெட்டிக்கொள்ளும் இடங்களில் ஒன்று ராகு, நேர் எதிரே இருப்பது கேது. அமாவாசையோ பௌர்ணமியோ இந்தப் புள்ளிகளின் அருகே நேர்ந்தால்தான் கிரகணம். ஒவ்வொரு அமாவாசைக்கும் சூரியன் மறையாததற்குக் காரணம் இதுதான். 2019 டிசம்பர் 26 காலையில் தருமபுரியில் சூரியனின் பெரும்பகுதி மறைந்ததே, அன்றும் சூரியன் அப்படியொரு புள்ளியின் அருகில்தான் இருந்தது.

அமுதம் குடித்த அசுரனின் தலை ராகு, உடல் கேது என்கிறது புராணம். பாம்பு நிலவை விழுங்குவது சங்கப் பாடல்களிலேயே உவமையாக வருகிறது. கிரகணம் நிழலால் நேர்கிறது என்று வானியல் அறிஞர் ஆரியபட்டர் கி.பி. 499-இலேயே எழுதிவிட்டார்.

எனக்கு மிகவும் பிடித்தது பஞ்சாங்கக் கணக்கு. ராகு ஒரு ராசியில் ஒன்றரை ஆண்டு இருக்கும், பின்னோக்கி நகரும் என்பார்கள். வானியலும் அந்தப் புள்ளிகள் பின்னோக்கி நகர்ந்து சுமார் 18.6 ஆண்டுகளில் ஒரு சுற்றை முடிப்பதாகவே சொல்கிறது. ஒன்றரை ஆண்டைப் பன்னிரண்டு ராசிக்கும் பெருக்கிப் பாருங்கள்: 18 ஆண்டு, கிட்டத்தட்ட அதே கணக்கு. கண்ணுக்கே தெரியாத ஒன்றை நம் முன்னோர் எவ்வளவு கவனமாகப் பின்தொடர்ந்திருக்கிறார்கள்!