1957 தீர்ப்புக்கும் என் சமையலறைக்கும் என்ன சம்பந்தம்?

கேள்வி: 2019-ல் மாடுலர் கிச்சன் போட்டோம். ஆறே மாதத்தில் சிங்க் அடியில் இருந்த பலகை தண்ணீரில் ஊறி உப்பிவிட்டது. 2020 ஜனவரியில் வழக்குப் போட்டேன், மாவட்ட நுகர்வோர் ஆணையம் 1,40,000 ரூபாய் தரச் சொல்லிவிட்டது. கடைக்காரர் மாநில ஆணையத்துக்கு அப்பீல் போயிருக்கிறார். பாதித் தொகை கட்டினால்தான் அப்பீல் என்கிறார்கள், அவரோ 25,000 மட்டும் கட்டியிருக்கிறார். கேட்டால் அவர் வக்கீல் 1957 தீர்ப்பு ஒன்றைக் காட்டுகிறார். நுகர்வோர் சட்டமே இல்லாத காலத்துத் தீர்ப்பு செல்லுமா? நானும் ஆறு மாவட்டத் தீர்ப்புகளை நெட்டில் எடுத்து வைத்திருக்கிறேன்.
– வாசகி, ஈரோடு

பதில்: செல்லும், உங்களுக்கு எரிச்சலாக இருந்தாலும்.

பாதித் தொகை என்பது 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் விதி, அது நடைமுறைக்கு வந்தது 2020 ஜூலை 20. உங்கள் வழக்கு அதற்கு முந்தியது. பழைய 1986 சட்டத்தில் பாதித் தொகை அல்லது 25,000, இதில் எது குறைவோ அதைக் கட்டினால் போதும். எந்தச் சட்டம் பொருந்தும் என்ற இடத்தில்தான் அந்த 1957 தீர்ப்பு, கரிகபாடி வீரய்யா வழக்கு, வருகிறது. அவர் 1949-ல் வழக்குப் போட்டபோது 10,000 ரூபாய்க்கு மேல் மதிப்பிருந்தால் மேல்முறையீடு போகலாம். அரசியலமைப்பு வந்ததும் அது 20,000 ஆகிவிட்டது, அவருடையதோ 11,400. அப்பீல் உரிமை வழக்குப் போட்ட அன்றே வந்துவிடுகிறது, பின்னால் வரும் சட்டம் வெளிப்படையாகவோ வேறு பொருளுக்கு இடமில்லாதபடியோ சொன்னாலொழிய அதைப் பறிக்க முடியாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு பெரும்பான்மையில் சொன்னது. 2022-ல் இஸிஜிஸி (ஏற்றுமதிக் கடன் காப்பீட்டு நிறுவனம்) வழக்கில் உச்ச நீதிமன்றம் இதையே பிடித்துக்கொண்டு, புதிய சட்டத்துக்கு முன் போட்ட நுகர்வோர் வழக்குகளுக்குப் பாதித் தொகை நிபந்தனை கிடையாது என்றது. அரசியலமைப்பின் 141-வது பிரிவுப்படி இது எல்லா நீதிமன்றங்களையும் கட்டுப்படுத்தும், மாநில ஆணையம் மட்டும் வேறு மாதிரி போக முடியாது.

சரி, உங்கள் ஆறு தீர்ப்புகள்? மாவட்ட ஆணையம் சொன்னது மேலே இருக்கும் மாநில ஆணையத்தைக் கட்டுப்படுத்தாது, அறுபது கொண்டுபோனாலும் அப்படித்தான். உச்ச நீதிமன்றமோ தேசிய ஆணையமோ சொன்ன ஒன்று, அதுவும் உங்கள் விவகாரத்தோடு ஒட்டிப்போவதாக இருந்தால், அதற்குத்தான் மதிப்பு. நீங்கள் காட்டும் வழக்கில் தண்ணீர் தாங்கும் பிளைவுட் என்று பில்லிலேயே எழுதியிருந்து, உங்களிடம் வாட்ஸ்அப்பில் வந்த கொட்டேஷன் மட்டும்தான் என்றால், எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் பிடிப்பது அந்த வித்தியாசத்தைத்தான்.

25,000 கட்டியது அப்பீலை எடுத்துக்கொள்ள மட்டும்தான். தீர்ப்பை நிறுத்தி வைக்கத் தடை கேட்டால், அதற்கு நிபந்தனையாக இன்னும் கூடுதல் தொகை கட்டச் சொல்லலாம் என்று 2014-ல் ஸ்ரீநாத் கார்ப்பரேஷன் வழக்கில், பழைய சட்டத்தின் கீழேயே, உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தடை மனு வரும் அன்று உங்கள் வக்கீல் கையில் அது இருக்கட்டும்.