நாப்லானுக்கு ரியூசன் வேண்டாம், தங்கச்சி

சிட்னிக்கு வந்து ஐந்து மாதம்தான், மகள் மூன்றாம் வகுப்பு, மார்ச்சில் அவுஸ்திரேலியா முழுக்க நடக்கும் நாப்லான் என்ற பள்ளிச் சோதனை வருகிறது, எல்லாரும் பிள்ளைகளை ரியூசனுக்கு விடுகிறார்கள், நாங்களும் விட வேண்டுமா என்று கேட்டிருந்தீர்கள். வேண்டாம் தங்கச்சி.

ஊரில், இலங்கையில், ஐந்தாம் தரப் புலமைப்பரிசில் எழுதி வளர்ந்த எங்களுக்குப் பரீட்சை என்றாலே வெட்டுப்புள்ளிதான் ஞாபகம் வரும். இதில் வெட்டுப்புள்ளியும் இல்லை, பாஸ் பெயிலும் இல்லை. 3, 5, 7, 9 ஆம் வகுப்புகளில் வாசிப்பு, எழுத்து, மொழி, கணக்கு என்று சோதிப்பார்கள்; 2023 இலிருந்து நான்கு நிலைகளில் பிள்ளை எதில் நிற்கிறது என்று ஒரு அறிக்கை வரும், அவ்வளவுதான். பரீட்சை வைத்துப் பிள்ளைகளைத் தெரிவு செய்கிற செலெக்டிவ் பள்ளிகளுக்கு வேறு பரீட்சை.

அப்புறம் ஏன் பள்ளிக்கூடங்கள் பதறுகின்றன? 2010 இல் மை ஸ்கூல் என்ற இணையத்தளம் வந்ததிலிருந்து எந்தப் பள்ளி நாப்லானில் என்ன எடுத்தது என்பதை யாரும் வீட்டிலிருந்தே பார்க்கலாம். வாடகைக்கு வீடு தேடியபோது நாங்களும் அதைத் திறந்து வைத்துக்கொண்டுதான் தேடினோம், பொய் சொல்லக்கூடாது.

என் மகன் மூன்றாம் வகுப்பில் இருந்தபோது சோதனைக்கு முந்தைய வாரங்களில் தினமும் கட்டுரைதான். கதை வருமா, வாதக் கட்டுரை வருமா என்று முன்கூட்டிச் சொல்லமாட்டார்கள், அதனால் இரண்டையும் போட்டுத் தேய்த்தார்கள். ஒருநாள் இரவு படுக்கச் சொன்னதற்கு ஒரு தாளை நீட்டினான், ஏன் இன்னும் அரை மணி நேரம் விழித்திருக்க வேண்டும் என்று "முதலாவதாக, இரண்டாவதாக, முடிவாக" போட்டு. சிரிப்புத்தான் வந்தது. ஆனால் அதற்கு முதல் பறக்கிற பல்லியைப் பற்றி ஆறு பக்கம் கிறுக்கி வைத்திருந்த பிள்ளை, அந்தத் தவணை முழுக்கத் தானாக ஒரு கதையும் எழுதவில்லை, அதைக் கவனிக்க எனக்குக் கொஞ்ச நாள் பிடித்தது.

ஆங்கிலம் வீட்டு மொழியாக இல்லாமல், நாட்டுக்கு வந்து ஒரு வருடம் ஆகாத பிள்ளைகளுக்கு விலக்குக் கேட்கலாம், பள்ளியில் விசாரியுங்கள். நான் என்றால் மகளிடமே கேட்பேன். எழுதுகிறேன் என்றால் எழுதட்டும். மூன்றாம் வகுப்புக்கு எழுத்து மட்டும் தாளில், மற்றதெல்லாம் கணினியில், பிள்ளை சொல்லும் விடைகளைப் பார்த்துக் கேள்விகள் கடினமாகவோ இலேசாகவோ மாறும், அதனால் பக்கத்துப் பிள்ளைக்கு வேறு கேள்வி வந்தது என்று அழுதுகொண்டு வந்தால் பயப்படாதீர்கள். மாதிரிச் சோதனை இணையத்தில் இலவசமாகவே இருக்கிறது, ஒரு சனிக்கிழமை அரை மணி நேரம் தட்டிப் பார்க்க விடுங்கள், போதும்.