கடைசி ஆளுக்கு எங்கே இடம்?

வாசகர் கேள்வி – பதில்
பதில் அளிப்பவர்: பொதுப்பணித் துறையிலிருந்து ஓய்வுபெற்ற பொறியாளர்

கேள்வி: கல்லணையும் பெரிய கோயிலும் கட்டிய நாட்டில், சண்டிகரை வடிவமைக்க வெளிநாட்டுக்காரரைக் கூப்பிட்டது அவமானம் இல்லையா? போய்ப் பார்த்தேன். சாம்பல் நிறக் கான்கிரீட்டைத் தவிர ஒன்றும் கண்ணில் படவில்லை.
– வாசகர், தஞ்சாவூர்

ராஜராஜனைப் பக்கத்தில் நிறுத்தினால் யார்தான் தேறுவார்கள்? அன்றைய அவசரத்தையும் கொஞ்சம் பாருங்கள். 1947இல் லாகூர் பாகிஸ்தானுக்குப் போய்விட்டது. இந்தியப் பக்கத்துப் பஞ்சாபுக்குத் தலைநகரே இல்லை. வந்து குவிந்த அகதிகளுக்கோ வீடு இல்லை. புதுத் தலைநகரான சண்டிகருக்கு முதலில் திட்டம் போட்டவர்கள் ஆல்பர்ட் மேயரும் மாத்யூ நோவிட்ஸ்கியும். நோவிட்ஸ்கி 1950இல் விமான விபத்தில் இறந்துபோனார். அதன் பிறகே தாப்பர், வர்மா என்ற இரண்டு அதிகாரிகள் ஐரோப்பாவுக்குப் போய்க் கட்டடக் கலைஞர் லெ கார்பூசியரைப் பிடித்துவந்தார்கள். அவரும் ஆண்டுக்கு இரண்டு முறை வந்து போனவர்தான். கூடவே இருந்து உழைத்தவர்கள் அவருடைய உறவினர் பியேர் ஜன்னரே, ஆங்கிலேயத் தம்பதி மேக்ஸ்வெல் ஃபிரை, ஜேன் டுரூ, இவர்களோடு நம் இளம் கட்டடக் கலைஞர்கள். ஜன்னரே 1965 வரை அங்கேயே இருந்தார். அவருடைய அஸ்தியைக் கரைத்ததும் அந்த ஊர்ச் சுக்னா ஏரியில்தான்.

கோபுரம் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்தத் தலைமைச் செயலகம் சலிப்பூட்டும். 254 மீட்டர் நீளத்துக்கு ஒரே கட்டடம்! ஆனால் அந்த வளாகத்துச் சுவர்களைக் கிட்டப் போய்த் தொட்டுப் பாருங்கள். பல இடங்களில் சென்டரிங் பலகையின் ரேகையும் கணுவும் கான்கிரீட்டில் அப்படியே பதிந்திருக்கும். பூசி மறைக்கவில்லை. ஆணும் பெண்ணும் தலைச்சுமையாகக் கலவையைத் தூக்கிக்கொண்டு சாரத்தில் ஏறிக் கட்டிய கட்டடங்கள் அவை.

என்னைக் கேட்டால், சண்டிகரில் பார்க்க வேண்டியது பியூன் வீடு. அரசு ஊழியர்களுக்கான வீடுகளை முதலமைச்சரில் தொடங்கிப் படிப்படியாக வகை பிரித்தார்கள். சம்பளத்தை வைத்துச் சுவரை அளந்தது எனக்கு உறுத்தல்தான். இருந்தாலும் கடைசி வகையில்கூட இரண்டு அறை, சமையலறை, தாழ்வாரம், கழிவறை, பின்கட்டு முற்றம் எல்லாம் உண்டு. 1950களில் கடைநிலை ஊழியருக்குத் தனிக் கழிவறை! அதே காலத்தில் நம் பக்கத்தில் எத்தனை குமாஸ்தாக்களுக்கு அது வாய்த்தது?

பியூனை நினைத்தவர்கள் சித்தாளை மறந்தார்கள் என்பதுதான் கசப்பு. ஊரைக் கட்ட வந்த கூலிக்காரர்களுக்கு வரைபடத்தில் இடமே இல்லை. அவர்கள் போட்ட குடிசைகள் குடியிருப்புகளாயின. அவற்றில் பலவற்றைப் பிற்பாடு இடித்துத் தள்ளினார்கள். அலுவலகங்களுக்காகச் செய்த தேக்கு நாற்காலிகளின் கதை இதைவிட வேடிக்கை. பழசாகிவிட்டது என்று மூலையில் குவித்துக் கழித்துக்கட்டினோம். வெளிநாட்டில் அவற்றையே லட்சக்கணக்கில் ஏலம் எடுக்கிறார்கள்.

கேள்வி: சென்னை எல்.ஐ.சி. கட்டடம் அரசு கட்டியதா, தனியார் கட்டியதா? வீட்டில் பந்தயம்.
– வாசகி, விருதுநகர்

இருவருக்கும் பாதிப் பணம். தொடங்கியவர் எம்.சிடி.எம். சிதம்பரம் செட்டியார், தம்முடைய காப்பீட்டு நிறுவனத்துக்காக. 1954இல் சிங்கப்பூர் விமான விபத்தில் அவர் இறந்தார். 1956இல் காப்பீடு நாட்டுடைமையானது. 1959இல் 14 மாடியாக எழுந்து நின்றபோது அது எல்.ஐ.சி. உடையது.

கேள்வி: என் தந்தை ஐ.சி.எஃப். ரயில் பெட்டித் தொழிற்சாலையில் வெல்டர். வீட்டுக் கடிகாரம் நின்றாலும் ஆலைச் சங்கு நிற்காது என்பார். ஒரு தொழிற்சாலை பெட்டிகளைத் தவிர நாட்டுக்கு வேறு என்ன தந்துவிட முடியும்?
– வாசகர், அயனாவரம்

உங்களையே தந்திருக்கிறது. சிரிக்காதீர்கள். 1955 அக்டோபர் 2 அன்று நேரு பெரம்பூரில் அந்தத் தொழிற்சாலையைத் திறந்துவைத்தார். நுட்பம் சுவிட்சர்லாந்திலிருந்து வந்தது. அதற்கு முன்பு ரயில் பெட்டி என்றால், பெரும்பாலும் இரும்புச் சட்டத்தின் மேல் மரக் கூண்டு. விபத்து நடந்தால் மரம் பிளந்து ஆளைக் குத்தும். பெரம்பூர்ப் பெட்டியில் தரை, பக்கச் சுவர், கூரை மூன்றும் எஃகில் ஒன்றாகப் பற்றவைக்கப்பட்டுச் சேர்ந்தே சுமையைத் தாங்கின. அந்தப் பற்றவைப்பில் ஓர் இழை பிசகினாலும் பெட்டி கோணும். உங்கள் தந்தையின் கைக்கு அந்தக் கண்டிப்பு பழகியிருக்கும். வீட்டில் கதவுக் கீலை மாட்டும்போதுகூட நீங்கள் அதைப் பார்த்திருப்பீர்கள்.

குடியிருப்பு, பள்ளிக்கூடம், மருத்துவமனை, விளையாட்டுத் திடல் எல்லாம் தொழிற்சாலைக்குப் பக்கத்திலேயே அமைந்தன. தினக்கூலியின் பிள்ளை எட்டாம் வகுப்போடு நிற்பதும் வெல்டரின் பிள்ளை கல்லூரிக்குப் போவதும் பெரும்பாலும் புத்தியின் வித்தியாசத்தால் அல்ல. மாதம் பிறந்தால் வரும் சம்பளமும், நடந்து போகிற தூரத்தில் பள்ளியும் இருந்ததால். 2018இல் முதல் வந்தே பாரத் ரயில் அதே தொழிற்சாலையிலிருந்து வெளிவந்தபோது எல்லோரும் அதன் மூக்கைப் படம் பிடித்தார்கள். நான் உள்ளே வேலை செய்தவர்களில் எத்தனை பேர் ஒப்பந்தத் தொழிலாளர்கள் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அவர்களுக்கும் குடியிருப்பு கிடைக்குமா?

கேள்வி: இப்போது கட்டும் அரசு அலுவலகங்கள் கண்ணாடியும் தகடுமாகப் பளபளக்கின்றன. முன்னேற்றம்தானே?
– வாசகர், தருமபுரி

மே மாதம் பகல் இரண்டு மணிக்கு உள்ளே போய் உட்கார்ந்துவிட்டு மறுபடி எழுதுங்கள். பழைய தாலுகா அலுவலகத்தில் சுற்றிலும் தாழ்வாரம் இருந்தது. மனு எழுதுபவர், கைக்குழந்தைக்காரி, சாட்சிக்கு வந்த கிழவர் எல்லோரும் அதில் ஒதுங்கினார்கள். புதிய கட்டட மதிப்பீட்டில் தாழ்வாரம் வீண் சதுர அடி.

அதைவிட என் எரிச்சல் கவுன்ட்டர் மேல். கண்ணாடியில் இடுப்பு உயரத்தில் ஒரு அரைவட்ட ஓட்டை. உள்ளே இருப்பவர் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பார். வெளியே நிற்பவர் முதுகை வளைத்து, அந்த ஓட்டையில் வாயை வைத்துத் தன் தகப்பன் பேரைக் கத்த வேண்டும். வரைபடத்தில் அந்த ஓட்டையை ஒன்றரை அடி உயர்த்தி, வெளியே பெஞ்சு போட என்ன செலவு? பணியில் இருந்தபோது ஒரு கட்டடத்துக்கு இதை எழுதிக் கொடுத்தேன். ‘மாதிரி வரைபடத்தில் இல்லை’ என்று கோப்பு திரும்பிவந்தது.

கேள்வி: குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறேன். எல்லாம் கைபேசியில் கிடைக்கும்போது நூலகக் கட்டடத்துக்குக் காசு எதற்கு என்கிறார் மாமா.
– வாசகி, உசிலம்பட்டி

பாடம் கைபேசியில் கிடைக்கும். மேசை கிடைக்குமா? கோட்டூர்புரத்தில் 2010இல் திறந்த அண்ணா நூற்றாண்டு நூலகத்தில், சொந்தப் புத்தகத்தைக் கொண்டுபோய்ப் படிப்பதற்கென்றே ஒரு பகுதி வைத்தார்கள். நூலகத்தில் நூலகத்தின் புத்தகத்தைப் படிக்காதவருக்கு எதற்கு இடம் என்று கேட்டிருக்கலாம். ஒற்றை அறை வீட்டில் தொலைக்காட்சிக்கும் தம்பிக்கும் நடுவே படிக்கிற பெண்ணை யாரோ நினைத்துப் பார்த்திருக்கிறார்கள்.

மாமாவுக்கு இன்னொரு செய்தி. சென்னை மாகாணத்தில் 1948லேயே பொது நூலகச் சட்டம் வந்துவிட்டது. அதற்குப் பின்னால் நின்றவர் சீர்காழியில் பிறந்த எஸ்.ஆர். ரங்கநாதன். சொத்து வரியோடு சேர்த்து நூலக வரி வாங்குவது அந்தச் சட்டத்தால்தான். இன்று ரூபாய்க்குப் பத்து பைசா. வீட்டு வரி ரசீதை மாமா எடுத்துப் பார்க்கட்டும். காசு ஏற்கெனவே கட்டியாயிற்று. உங்கள் ஊர் நூலகத்தில் மின்விசிறி ஓடவில்லை என்றாலோ, நாற்காலி போதவில்லை என்றாலோ, அந்த ரசீதின் நகலை இணைத்து மாவட்ட நூலக அலுவலருக்கு மனு எழுதுங்கள். மாமாவிடமும் ஒரு கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.