போனவர்களும் போகாதவர்களும்

கேள்வி: தங்கள் மத நூல்களை வரலாற்று நோக்கில் ஆராயத் தொடங்கிய யூத அறிஞர்கள் கடைசியில் மதத்தை விட்டே போய்விட்டார்கள். தத்துவஞானி ஸ்பினோசா தொடங்கி எல்லோர் கதையும் அதுதான். சொந்த மரபில் ஆராய்ச்சிக் கத்தியை வைக்கக் கூடாது என்பதற்கு வேறு சான்று வேண்டுமா?

பதில்: முதலில் ஸ்பினோசா. அவராகப் போகவில்லை. 1656இல் ஆம்ஸ்டர்டாம் யூதச் சமூகம் அவரை விலக்கி வைத்தது. எபிரேய வேதத்தின் முதல் பகுதியான மோசேயின் ஐந்நூல்களை மோசே எழுதியிருக்க முடியாது என்று வாதிட்ட அவருடைய நூல் வந்தது 1670இல். அந்த வாதத்துக்கு அவர் சாட்சிக்கு அழைப்பது யாரை? 12ஆம் நூற்றாண்டு உரையாசிரியர் ஆபிரகாம் இபின் எஸ்ராவை. மோசேயின் மரணத்தைச் சொல்லும் கடைசி வசனங்களை மோசேயே எழுதியிருக்க முடியுமா என்ற ஐயத்தைப் பூடகமாகக் குறித்துவைத்தவர் இபின் எஸ்ரா. அவருடைய உரை, வைதிக யூதர்கள் படிக்கும் எபிரேய வேதப் பதிப்புகளில் மூலத்தை ஒட்டியே இன்றைக்கும் அச்சாகிறது.

சரி, ‘எல்லோரும்’ என்கிறீர்களே, அதைப் பார்ப்போம். 1819 கோடையில் வூர்ஸ்பர்க் நகரில் தொடங்கி ஜெர்மன் ஊர்கள் பலவற்றில் ‘ஹெப் ஹெப்’ என்று கூவியபடி கும்பல்கள் யூதர்களைத் தாக்கின. அதே ஆண்டு நவம்பரில் பெர்லினில் சில யூத இளைஞர்கள் கூடி ஒரு சங்கம் அமைத்தார்கள். கிரேக்க, லத்தீன் நூல்களை எப்படி ஆராய்கிறார்களோ அப்படியே எபிரேய நூல்களையும் ஆராய வேண்டும்: எந்தப் பிரதி பழையது, பாடபேதம் எங்கே, இடைச்செருகல் எது, யார் எந்தக் காலத்தில் எழுதினார். நவீன யூதவியல் பிறந்தது இங்கேதான். அந்த இளைஞர்களில் ஒருவரான லியோபோல்ட் சுன்ஸுக்கு அப்போது 25 வயது. சட்ட அறிஞர் எடுவார்ட் கான்ஸும் உடன் இருந்தார்; கவிஞர் ஹைன்ரிச் ஹைனே பின்னால் வந்து சேர்ந்தார்.

கான்ஸும் ஹைனேயும் 1825இல் ஞானஸ்நானம் பெற்றுக் கிறிஸ்தவர்களானார்கள். நீங்கள் சொல்வது இவர்கள் விஷயத்தில் உண்மை. ஆனால் ஏன் பெற்றார்கள்? யூதருக்குப் பல்கலைக்கழக ஆசிரியர் பணி கிடையாது என்று 1822இல், பெர்லினைத் தலைநகராகக் கொண்ட பிரஷ்ய நாட்டின் மன்னர் ஆணையிட்டிருந்தார். மதம் மாறிய மறு ஆண்டே கான்ஸ் பெர்லினில் பேராசிரியர். பழைய சுவடியைப் படித்ததால் இவர்கள் போகவில்லை. வாழ வேறு வழியை அரசு விட்டுவைக்கவில்லை.

சுன்ஸ் போகவில்லை. அவர் செய்த வேலையை நீங்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும். 1823இல் பிரஷ்ய அரசு, யூத வழிபாட்டில் எந்தப் புதுமையும் கூடாது என்றது. ஜெர்மன் மொழியில் பிரசங்கம் செய்வதும் அதோடு நின்றது. 1832இல் சுன்ஸ் ஒரு பெரிய நூலை வெளியிட்டார். தொழுகைக்கூடப் பிரசங்கத்தின் வரலாற்றை வேதாகமத்தில் வரும் பண்டைய எஸ்ராவின் காலத்திலிருந்து வரிசையாக எடுத்துவைத்து, மக்கள் பேசும் மொழியில் பிரசங்கம் செய்வது புதுமையே இல்லை, அதுதான் பழைய வழக்கம் என்று நிறுவினார். சிதறிக் கிடந்த மித்ராஷ் எனும் வேத விளக்க நூல்களுக்குக் காலம் கணித்ததும் இந்த நூலில்தான். அப்புறம் 1836இல், யூதர்கள் கிறிஸ்தவப் பெயர் வைக்கக் கூடாது என்று ஆணை வந்தது. பெர்லின் யூதச் சமூகம் தேடிப் போனது சுன்ஸைத்தான். பண்டைக் காலத்திலிருந்தே யூதர்கள் அயல்மொழிப் பெயர்களை வைத்துவந்ததை அவர் நூலாகவே எழுதிக் கொடுத்தார். நீங்கள் பயப்படும் அந்தக் கத்தியை வைத்துத்தான் அவர் தன் மக்களைக் காத்தார். பல்கலைக்கழகத்தில் யூத வரலாற்றுக்கு ஓர் இருக்கை வேண்டும் என்று 1848இல் கேட்டார். மறுத்துவிட்டார்கள்.

எதிர்ப்பு உள்ளேயும் இருந்தது. அதை மறைக்க மாட்டேன். பழைய மன்னிப்புப் பாடல்களுக்குக் காலம் கணிப்பவர்களில் எத்தனை பேர் விடியுமுன் எழுந்து அவற்றை ஓதுகிறார்கள் என்று கேட்டார் வைதிக ரபி (யூத மதகுரு) சாம்சன் ரபேல் ஹிர்ஷ். உங்கள் கேள்வியைவிட இது கூர்மையானது. நம்பிக்கை தளர்ந்தவர்கள் இருந்தார்கள் என்பதும் மெய். மோசேயின் நூல்கள் பக்கம் போக முதல் தலைமுறை பெரும்பாலும் தயங்கியது. அந்த இடத்தை வெல்ஹவுசன் போன்ற புராட்டஸ்டன்ட் அறிஞர்கள் எடுத்துக்கொண்டார்கள். பிற்கால யூத மதத்தை ஒரு வீழ்ச்சியாகவே எழுதினார்கள். நாமே ஆராயாவிட்டால் நம்மைப் பிடிக்காதவர் ஆராய்வார் என்பதை இதைவிடத் தெளிவாக எனக்குச் சொல்லத் தெரியாது.

1872இல் பெர்லினில் இந்தப் படிப்புக்கென்றே ஓர் உயர்கல்விக் கூடம் திறந்தது. ரபிகளும் அங்கே பயின்றார்கள். 1942இல் நாஜி அரசு அதை இழுத்து மூடியபோது, விரல்விட்டு எண்ணக்கூடிய மாணவர்களுக்கு ரபி லியோ பெக் பாடம் நடத்திக்கொண்டிருந்தார். வெளிநாட்டு அழைப்புகள் வந்தும் தன் மக்களை விட்டுப் போக மறுத்தவர் அவர். மறு ஆண்டு ஜனவரியில் அவரைத் தெரேசியன்ஸ்டாட் முகாமுக்குக் கொண்டுபோனார்கள். அங்கேயும் கைதிகளுக்கு உரை நிகழ்த்தினார்.