மந்திரம் எழுதும் மகனுக்கு என்ன படிப்பு?

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் கடிதமும், மகனுக்குத் தெரியாமல் படமெடுத்து அனுப்பிய நோட்டுப் பக்கங்களும் கிடைத்தன. அடுத்த முறை அவனிடம் கேட்டுவிட்டே அனுப்புங்கள்.

‘பயோ-மேத்ஸ் படிக்கிற பிள்ளை, மந்திர எழுத்தர் ஆகப்போறேன்கிறான், டாக்டரிடம் காட்டணுமா?’ என்று கேட்டிருக்கிறீர்கள். டாக்டரெல்லாம் வேண்டாம். நோட்டை நிதானமாகப் படித்தேன். அவன் படைத்த நாட்டில் மழை பெய்யவும் காய்ச்சல் இறங்கவும் எழுத்தர் ஓலையில் மந்திரம் எழுதித் தர வேண்டும். அது பரவாயில்லை, எல்லாப் பிள்ளைகளும் யோசிப்பதுதான். என்னை நிமிர்ந்து உட்கார வைத்தது கூலிக் கணக்கு. மழை மந்திரத்துக்கு மூன்று படி நெல். ஓர் எழுத்து பிசகினால் கூலி கிடையாது, ஓலைக் காசும் எழுத்தர் தலையில். புதிதாகச் சேரும் சிறுவனுக்கு முதல் இரண்டு வருடம் கரி அரைக்கும் வேலை மட்டும். இதையெல்லாம் யோசித்திருக்கும் பையன் வேலையிலிருந்து தப்பி ஓடுகிறவன் இல்லை. ஒரு தொழிலை உள்ளேயிருந்து பார்க்கத் தெரிந்தவன்.

மாயத்தை எடுத்துவிட்டால் அந்த வேலை நம் ஊரில் இருந்ததுதான். ஓலை ஏடு எழுதிப் பிழைத்தவர்கள் இருந்தார்கள். பல ஏடுகளின் கடைசியில் எந்த ஆண்டு, எந்த மாதம், யாருக்காக யார் எழுதினார் என்ற குறிப்பும், ‘குருவே துணை’ போன்ற வரியும் இன்றும் படிக்கக் கிடைக்கின்றன. மந்திரமும் மருத்துவமும் சோதிடமும் அவற்றில் ஏராளம். இன்று அவற்றை எழுத ஆள் தேவையில்லை, படிக்கத்தான் ஆள் போதவில்லை. தஞ்சாவூர்த் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் ஓலைச்சுவடிக்கென்றே ஒரு துறை இருக்கிறது. தரமணி உலகத் தமிழாராய்ச்சி நிறுவனம் சுவடியியலில், அதாவது பழைய ஏடுகளைப் படித்து ஆராய்வதில், பட்டய வகுப்பு நடத்துகிறது. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தின் சைவச் சுவடிகள் 2005இல் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பதிவேட்டில் ஏறின. ஆனால் சம்பளத்தைப் பற்றி உங்களிடம் பூசி மெழுக மாட்டேன். நிரந்தரப் பணியிடம் குறைவு, பெரும்பாலும் திட்டம் இருக்கும்வரை வேலை. தமிழ் எம்.ஏ.வோடு சமஸ்கிருதமும், அதைத் தமிழ்நாட்டில் எழுதப் பயன்பட்ட கிரந்த எழுத்தும் தெரிந்தவருக்குக் கதவு கொஞ்சம் அகலமாகத் திறக்கும்.

நோட்டில் எனக்கு அதைவிடப் பிடித்தது அவன் உருவாக்கிய எழுத்துகள். உயிருக்கு ஒரு வடிவம், மெய்யோடு சேரும்போது வேறு வடிவம் என்று ஒழுங்காக யோசித்திருக்கிறான். அந்தத் திறமைக்குத்தான் எழுத்துரு வடிவமைப்பு என்று பெயர். செல்போனில் நீங்கள் தமிழ் படிப்பது யாரோ ஒருவர் மாதக்கணக்கில் வளைவு வளைவாக வரைந்ததால்தான். பழைய எழுத்துகளுக்கும் இங்கே வேலை உண்டு: எல்லாக் கணினியிலும் எழுத்து ஒரே மாதிரி தெரிய வைக்கும் யூனிகோடில் கிரந்தம் 2014இல்தான் இடம்பிடித்தது, பழைய பின்னக் குறிகளும் அளவைக் குறிகளும் 2019இல்தான் முழுமையாக வந்தன. எழுத்தும் கணினியும் சேர்த்துத் தெரிந்தவர்கள் குறைவு. உங்கள் மகன் கணக்கும் படிக்கிறான், அதை விட்டுவிட வேண்டாம்.

இதற்கு வழி டிசைன் படிப்பு. ஐஐடி மும்பை போன்ற இடங்களில் பி.டெஸ். என்ற நான்காண்டு டிசைன் பட்டப்படிப்பில் சேர யூசீட் என்ற நுழைவுத் தேர்வு. அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்துக்கு (என்ஐடி) தனித் தேர்வு. பிளஸ் டூவில் எந்தக் குரூப் எடுத்தவரும் யூசீட் எழுதலாம். ஆகவே இப்போது குரூப் மாற்றும் பேச்சே தேவையில்லை. ஆனால் அது பிளஸ் டூ படிக்கும்போதே ஜனவரி வாக்கில் வரும் தேர்வு. பொதுத்தேர்வு முடியட்டும் என்று காத்திருந்தால் அந்த வருடம் போச்சு. சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியையும் பாருங்கள். கட்டணத்துக்குப் பயப்பட வேண்டியதில்லை.

உலகம் படைக்கும் வேலை? உண்டு. ‘பாகுபலி’ படத்துக்காகப் பாடலாசிரியர் மதன் கார்க்கி கிளிக்கி என்று ஒரு மொழியையே உருவாக்கினார். ஆனால் அவர் கணினி அறிவியலில் முனைவர் பட்டம் பெற்று, ஆசிரியராகவும் இருந்தவர். விளையாட்டு நிறுவனங்களில் கதை எழுதும் பணி பெரும்பாலும் ஆங்கிலத்தில்தான், அதுவும் அனுபவம் உள்ளவர்களுக்கு. இதை மட்டும் நம்பிப் படிப்பைத் தேர்ந்தெடுக்கச் சொல்ல மாட்டேன்.

‘முதலில் ஒரு பி.இ. முடிக்கட்டும், அப்புறம் பார்க்கலாம்’ என்று அவன் அப்பா சொல்வதாக எழுதியிருக்கிறீர்கள். கம்ப்யூட்டர் பிரிவில் மனம் ஒப்பிச் சேர்ந்தால் சரி, எழுத்துரு வேலைக்கு அது கைகொடுக்கும். வாயை அடைக்கச் சேர்த்தால், அரியரோடு என்னிடம் வருகிற பிள்ளைகள் வரிசையில் அவனும் நிற்பான்.

இந்தக் கோடை விடுமுறைக்கு ஒரு வேலை தருகிறேன். பனங்குருத்தோலை கொஞ்சம் வாங்கி, வேகவைத்து, நிழலில் உலர்த்தி, கூர்மையான ஆணியால் அவன் எழுத்துகளை ஓலையிலேயே எழுதச் சொல்லுங்கள். கீறலில் விளக்குக் கரியைத் தடவித் துடைத்தால் எழுத்து தெரியும். நோட்டில் எழுத்துக்கு எழுத்து புள்ளி வைத்திருக்கிறான். புள்ளியை அழுத்தினால் ஓலை பொத்துக்கொள்ளும், ஏடுகளில் புள்ளி பெரும்பாலும் இல்லாததற்கு அதுவும் ஒரு காரணம். நரம்போடு இழுக்கும் நேர்க்கோடு ஓலையைக் கிழித்துவிடும். எந்த எழுத்தை எதற்காக மாற்றினான் என்று பக்கத்திலேயே தாளில் குறித்து வைக்கட்டும். டிசைன் கல்லூரிக்குக் காட்டும் கோப்பில் முதலில் வைக்க வேண்டியது அந்தத் தாள்கள்தான்.

ஜூனில் பள்ளி திறந்ததும் அவனையே எனக்கு எழுதச் சொல்லுங்கள். அப்பாவும் கூட வந்தால் நேரில் பேசலாம்.