லாந்திமோஸ் படமா? எழுதியது யார் என்று பாருங்கள்

கேள்வி: கிரேக்க இயக்குநர் யோர்கோஸ் லாந்திமோஸின் 'லாப்ஸ்டர்' பார்த்தேன். எல்லோரும் வசனத்தைப் பள்ளிப் பிள்ளைகள் மாதிரி ஒப்பிக்கிறார்கள். ஆங்கிலத்துக்குப் போனதும் மனுஷர் கெட்டுவிட்டார் என்கிறேன். சரிதானே?

பதில்: சரியில்லை. அந்த ஒப்பித்தலை அவர் ஏதென்ஸிலிருந்தே கையோடு கொண்டுபோனார். 2009-இல் கிரேக்க மொழியில் எடுத்த 'டாக்டூத்' படத்தைப் பாருங்கள். மூன்று பிள்ளைகளை, வளர்ந்த பிறகும், மதிலுக்குள்ளேயே அடைத்து வைத்திருக்கும் பெற்றோர். முதல் காட்சியில் ஒரு டேப் ரெக்கார்டர் பாடம் நடத்துகிறது: 'கடல்' என்றால் மரக் கைப்பிடி வைத்த தோல் நாற்காலி. இப்படி மொழி கற்ற பிள்ளை எந்த ஏற்ற இறக்கத்தோடு பேசும்? கடலையே பார்க்காதவள் 'கடல்' என்று சொல்லும்போது குரல் தட்டையாகத்தான் வரும். 'லாப்ஸ்டர்' (2015) ஆட்களும் அப்படியே. 45 நாளுக்குள் ஜோடி கிடைக்காவிட்டால் விலங்காக மாற்றிவிடுவார்கள் என்ற விதியை மனப்பாடம் செய்துகொண்டு வாழ்கிறவர்கள்.

இரண்டையும் எழுதியவர்கள் அதே இருவர்: லாந்திமோஸும் எஃப்திமிஸ் ஃபிலிப்புவும். இந்தக் கூட்டணிக்கு 2011-இல் வெனிஸ் திரைப்பட விழாவிலும் ('ஆல்ப்ஸ்') 2017-இல் கான் திரைப்பட விழாவிலும் ('தி கில்லிங் ஆஃப் எ சேக்ரட் டியர்') திரைக்கதை விருது கிடைத்தது. எழுதத் தெரியாமல் விட்ட வசனத்துக்கு அது கிடைக்காது.

பேச்சு மாறிய இடம் 'ஃபேவரிட்' (2018), ஓர் அரசியின் அரண்மனைக் கதை. எழுதியது டெபோரா டேவிஸும் டோனி மக்னமாராவும். லாந்திமோஸ் பெயர் எழுத்தில் இல்லை. வசனம் கத்தி மாதிரி பாய்கிறது. இயக்குநர் தன் விசித்திரத்தைக் கேமராவுக்குள் கொண்டுபோய்விட்டார். ஒளிப்பதிவாளர் ராபி ரயன், மிக அகலமாகப் பார்க்கும் 6 மி.மீ. ஃபிஷ்-ஐ லென்ஸ் வரை போகிறார். அதில் தரையும் கூரையும் ஒரே ஃப்ரேமில் விழும். விளக்கு ஸ்டாண்டையோ மைக்கையோ ஒளித்துவைக்க மூலையே கிடையாது. அதனால் பகலில் பெரும்பாலும் ஜன்னல் வெளிச்சம், இரவில் மெழுகுவர்த்தி. ஓரத்தில் நிற்பவரின் முகம் இழுபடும், நேர்ச்சுவர் வில்லாக வளையும். சும்மா ஜாலத்துக்கு வைத்தால் கண் வலிக்கும். இங்கே அரண்மனையே அரசியைச் சுற்றி வளைந்து கூண்டாகிறது. எனக்கு அவருடைய படங்களில் இதுதான் உச்சம்.

'புவர் திங்ஸ்' (2023) திரைக்கதையும் மக்னமாராவுடையது. வெனிஸில் முதல் பரிசான தங்கச் சிங்கம், பிறகு நான்கு ஆஸ்கர். அடுத்த ஆண்டே 'கைண்ட்ஸ் ஆஃப் கைண்ட்னஸ்' படத்துக்கு ஃபிலிப்பு திரும்பி வந்தார்; நீங்கள் குறைப்படும் தட்டைக் குரலும் கூடவே வந்தது. அந்தக் குரலில் பேசித்தான் ஜெஸ்ஸி பிளமன்ஸ் கானில் சிறந்த நடிகர் விருது வாங்கினார்.

இங்கே கடைசியாகச் சொன்ன இரண்டையும் அடுத்தடுத்த நாளில் பாருங்கள். அதே எம்மா ஸ்டோன், அதே வில்லெம் டஃபோ, அதே ராபி ரயன் கேமரா. பேச்சு மட்டும் வேறு.