சிவப்பு எழுத்தில் நிறுத்திய கதை

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஆங்கிலக் கவிஞர் சாசர் பற்றிய கட்டுரையில், அவருடைய கவிதைகளை அந்தக் காலத்தவர் பெரும்பாலும் காதால் கேட்டே அறிந்தார்கள் என்று எழுதியிருந்தீர்கள். அச்சு வராத காலம், எழுத்தறிந்தவர்களும் குறைவு. வேறு வழியில்லாமல்தான் கேட்டார்கள் என்று எடுத்துக்கொள்ளலாமா?

ஆர்.

அன்புள்ள ஆர்,

நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். அதைக் கலைத்தது ஜாய்ஸ் கோல்மன் 1996இல் வெளியிட்ட ஆய்வு நூல். இடைக்காலத்தின் பிற்பகுதியில் இங்கிலாந்திலும் பிரான்ஸிலும் சபையில் ஏட்டை வாசித்துக் கேட்ட வழக்கத்தைப் பற்றியது. வாய்மொழி ஒரு கரை, எழுத்து மறுகரை என்று வால்டர் ஓங் போன்ற அறிஞர்கள் பிரித்துவைத்ததை கோல்மன் ஏற்பதில்லை. ஒருவர் ஏட்டைப் பார்த்து வாசிக்கிறார், சுற்றி உட்கார்ந்து நாலு பேர் கேட்கிறார்கள். இதை எந்தக் கரையில் சேர்ப்பது?

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். 1388இல் ஃப்ருவாசார் என்ற வரலாற்றாசிரியர் தெற்கு பிரான்ஸில் ஓர்தேஸ் என்ற ஊரில் ஃபுவா பிரபுவின் அரண்மனையில் தங்கினார். இங்கிலாந்து அரசி ஃபிலிப்பாவிடம் முன்பு பணிபுரிந்தவர் ஃப்ருவாசார். பிரபு நள்ளிரவில்தான் சாப்பிட வருவார். சாப்பாட்டுக்குப் பிறகு ஃப்ருவாசார் தம் 'மெலியாதோர்' காவியத்தை வாசிப்பார். அப்போது யாரும் வாய் திறக்கத் துணியமாட்டார்களாம், பிரபுவுக்கு ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் கேட்க வேண்டும். இந்தப் பிரபு எழுத்தறியாதவரா என்ன? அதற்கு முந்தைய வருடம்தான் வேட்டையைப் பற்றித் தானே ஒரு நூலை ஆரம்பித்திருந்தார்!

சாசரின் 'ட்ராய்லஸும் கிரிசெய்டும்' இரண்டாம் காண்டத்தைப் பாருங்கள். கிரிசெய்டு கூடத்தில் இரண்டு பெண்களோடு உட்கார்ந்திருக்கிறாள், இன்னொரு பெண் தீப்ஸ் என்ற பழைய கிரேக்க நகரத்தின் முற்றுகைக் கதையை வாசிக்கிறாள். மாமா பாண்டரஸ் உள்ளே வந்து, என்ன, காதல் கதையா என்று கிண்டல் செய்கிறார். அவள் சிரித்துவிட்டு, கதை எதுவரை வந்தது என்று சொல்கிறாள்: இந்தச் சிவப்பு எழுத்துகளில் நிறுத்தியிருக்கிறோம். அத்தியாயத் தலைப்பைச் சிவப்பு மையில் எழுதுவது அன்றைய வழக்கம். கதை நடப்பது ட்ராய் நகரில் என்றாலும் கூடம் சாசர் காலத்துக் கூடம்தான். பின்னால், தன்னைக் காதலிக்கும் ட்ராய்லஸின் கடிதத்தை அறைக்குள் போய்த் தனியாகப் படிப்பவளும் இதே கிரிசெய்டுதான். கடிதம் தனக்கு, கதை எல்லோருக்கும்.

ஆனால் சாசர் சபையில் நின்று வாசிப்பதற்குச் சாட்சியாகப் பலரும் காட்டும் கேம்பிரிட்ஜில் உள்ள 'ட்ராய்லஸ்' கையெழுத்துச் சுவடியின் படத்தை நான் அவ்வளவு நம்பமாட்டேன். அவர் 1400இல் இறந்த பிறகு வரைந்தது. தவிர, அதில் அவர் கையில் புத்தகமே இல்லை. சாசரின் வரிகளே நல்ல சாட்சி. 'கான்டர்பரி கதைகள்' நூலில் மாவு மில்காரன் சொல்லும் கதைக்கு முன்னால், இதைக் கேட்க விருப்பமில்லாதவர் ஏட்டைத் திருப்பி வேறு கதையைத் தேர்ந்துகொள்ளலாம் என்கிறார். கேட்பவர்தான், ஆனால் புரட்ட ஏடும் இருக்கிறது.

தனியாகப் படித்தவர்களே இல்லை என்று சொல்லவில்லை. சாசர் லண்டன் துறைமுகச் சுங்கத்தில் கணக்குப் பார்த்தவர். 'புகழின் மாளிகை' கவிதையில் ஒரு கழுகு அவரைத் தூக்கிக்கொண்டு பறக்கிறது. போகிற வழியில், கணக்கு முடிந்து வீட்டுக்குப் போனதும் கல்லைப் போல ஊமையாக இன்னொரு புத்தகத்தின் முன்னால் உட்கார்ந்து கண் மங்கிப்போகிறாயே என்று கேலி செய்கிறது.